இதென்ன பிரமாதம்!

கல்யாண வீடியோ மிக்ஸிங் செய்துகொண்டிருந்த காலம். ஆல்பத்தையும் டிவிடியையும் கொடுத்துவிட்டுப் பாக்கிப் பணத்தை வாங்கிவர ஒரு பெரிய வீட்டுக்கு என்னை அனுப்பினார் ஸ்டுடியோ அண்ணன். காலை ஒன்பது மணிக்குப் போனேன். "ஐயா பூஜையில இருக்காங்க, இருங்க" என்றார் வேலைக்காரர். எங்கே இருப்பது என்று அவர் சொல்லவில்லை. கூடத்தில் தேக்கு நாற்காலிகள் இருந்தன. உட்காரலாமா என்று கேட்க ஆளில்லை. நின்றேன்.

தரை முழுக்க ஆத்தங்குடிக் கல். ஒவ்வொரு கல்லிலும் வட்டத்துக்குள் பூ. நாலு கல் சேரும் இடத்தில் பச்சையும் சிவப்புமாக ஒரு நட்சத்திரம். முதல் அரை மணி நேரம் சுவரில் மாட்டியிருந்த தாத்தாக்களைப் பார்த்தேன். அடுத்த அரை மணி, நானே அடுக்கிய ஆல்பத்தை நானே புரட்டினேன். அதற்கப்புறம் என்ன செய்வதென்று தெரியாமல், ஒரு நட்சத்திரத்தின் முனையில் கட்டை விரலை வைத்து, கோடு பிசகாமல் ஒரு அடி, அதை ஒட்டி இன்னொரு அடி என்று நடக்க ஆரம்பித்தேன். செருப்பை வாசலிலேயே விட்டிருந்ததால் கல் பாதத்தில் சில்லென்று இருந்தது. மூலை வரைக்கும் போய்த் திரும்பியபோதுதான் மாடிப்படியில் உட்கார்ந்திருந்த சின்னப் பெண்ணைக் கவனித்தேன். எவ்வளவு நேரமாகப் பார்த்துக்கொண்டிருந்தாளோ. நான் நின்றதும், "அங்க ஒரு கோட்டை விட்டுட்டீங்க" என்றாள்.

பத்தே முக்காலுக்கு மேல் ஐயா வந்தார். ஆல்பத்தை வாங்கி நாலைந்து பக்கமாகத் தள்ளினார். மாலை மாற்றுகிற படம், அப்பா மடியில் பெண் உட்கார்ந்திருக்கிற படம், எதற்கும் முகம் மாறவில்லை. "இதென்ன பிரமாதம். எல்லாரும் எடுக்கிறதுதானே" என்றார். பேசிய தொகையில் இரண்டாயிரம் குறைத்துக் கொடுத்தார். டிவிடியை ஓடவிட்டுப் பார்த்து ஓரிடத்தைக் கண்டிப்பாக வெட்டச் சொன்னார். அது என்ன இடம் என்பதை அப்புறம் சொல்கிறேன்.

பல வருஷம் கழித்து, 1919-ல் பெர்லினில் எடுக்கப்பட்ட ஒரு ஊமைப்படத்தில் அதே நடையைப் பார்த்தேன். கோடு கூடப் பிசகவில்லை.

படத்தின் பெயரைத் தமிழில் சொன்னால் 'சிப்பி இளவரசி'. இயக்கியவர் ஏர்ன்ஸ்ட் லூபிட்ச். யோசெஃப் என்று ஒரு ஒல்லி ஆள். தலை வழுக்கை, கால்கள் குச்சி. ஒரு கோடீஸ்வரரின் மாளிகைக்கு வந்திருக்கிறான். மாளிகைக் கூடம் கால்பந்து மைதானம் மாதிரி அகலம். நடுவில் பெரிய நட்சத்திரக் கோலம் போட்ட தரை. அவன் காத்திருக்கிறான். யாரும் வரவில்லை. தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு தரையில் இருக்கிற கோட்டின் மேல் அடி மேல் அடி வைக்கத் தொடங்குகிறான். முனை வந்ததும் திரும்புகிறான். வேகம் பிடிக்கிறது. கொஞ்ச நேரத்தில் சின்னதாக ஒரு துள்ளலும் சேர்ந்துவிடுகிறது. காமிரா தூரத்தில் இருந்துதான் பார்க்கிறது. அவன் முகம்கூடச் சரியாகத் தெரியாது. பளிங்குப் பெட்டிக்குள் மாட்டிய எறும்பு போல இருக்கிறான்.

லூபிட்ச் 1947 நவம்பரில் இறந்தார். அதற்குச் சில மாதங்கள் முன்பு, தன் படங்களைப் பற்றி ஒரு விமர்சகருக்கு எழுதிய கடிதத்தில், தனக்கென்று ஒரு பாணி தெரிந்த முதல் நகைச்சுவைப் படம் இதுதான் என்கிறார். ஹாலிவுட்டில் அத்தனை படம் எடுத்து முடித்த பிறகும் இதிலிருந்து அவர் எடுத்துச் சொல்வது இந்தத் தரை நடையைத்தான். பொறுமை போன ஏழை ஒருவன், காக்கவைக்கப்பட்ட அவமானத்தைக் கடப்பதற்காக அந்தக் கோலத்தைப் பிடித்துக்கொண்டு நடக்கிறான் என்று விளக்குகிறார். அவமானம் என்று அவரே சொல்லியிருந்ததைப் படித்தபோது, எனக்கு அந்தச் சின்னப் பெண் ஞாபகம் வந்தாள்.

சரி, கதைக்கு வருவோம்.

அமெரிக்காவின் 'சிப்பி ராஜா' மிஸ்டர் குவேக்கர். தட்டில் வைத்துத் தின்கிற கடல் சிப்பியை விற்றுப் பணக்காரர் ஆனவர். படம் தொடங்கும்போது ஒரு கூட்டம் தட்டெழுத்துப் பெண்களுக்கு ஒரே நேரத்தில் கடிதம் சொல்லிக்கொண்டிருக்கிறார். வாயில் ஒரு ராட்சசச் சுருட்டு. அதைப் பிடித்துக்கொள்ள ஒரு ஆள். காப்பிக் கோப்பையை உதட்டருகே கொண்டுவர ஒருத்தர், மூக்கைத் துடைக்க ஒருத்தர். அவர் கை எதையும் தொடாது. அந்தப் பணியாட்கள் எல்லாரும் கறுப்பினத்தவர்கள். மேசை நாற்காலி மாதிரிதான் படம் அவர்களை நிறுத்திவைக்கிறது. பணக்காரத் திமிரைக் கிண்டல் செய்யத்தான் லூபிட்ச் அப்படி வைத்தார் என்று சொல்லலாம். எனக்கு அது பாதிதான் சமாதானம்.

குவேக்கரின் மகள் ஓஸ்ஸி தன் அறையில் கையில் கிடைத்ததையெல்லாம் வீசிக்கொண்டிருக்கிறாள். காரணம், பூட் பாலிஷ் ராஜாவின் மகள் ஒரு பிரபுவைக் கல்யாணம் செய்துகொண்ட செய்தி பத்திரிகையில் வந்திருக்கிறது. அப்பா வந்து, ஏன் பத்திரிகையை எறிகிறாய் என்று கேட்கிறார். ஜாடியெல்லாம் உடைந்து தீர்ந்துவிட்டது, அதனால்தான் என்கிறாள். அவ்வளவுதானே, உனக்கு நான் ஒரு இளவரசனையே வாங்கித் தருகிறேன் என்கிறார் அப்பா. அவளுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. அந்தச் சந்தோஷத்திலும் வீட்டை உடைக்கத்தான் தோன்றுகிறது.

இந்தப் படத்தை அம்மாவோடு உட்கார்ந்துதான் முதலில் முழுதாகப் பார்த்தேன். அவளுக்குக் கண்புரை அறுவை முடிந்த சமயம். திரையில் எழுத்து ஓடினால் பிடிபடாது. ஆகவே எழுத்து அட்டை வரும்போதெல்லாம் நான் தமிழில் சொல்லிக்கொண்டே போனேன். ஊமைப்படக் காலத்தில் நம் ஊர்க் கொட்டகைகளில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்ல ஆள் வைத்திருந்தார்கள் என்று படித்திருக்கிறேன். கஷ்டமான வேலைதான் அது. குவேக்கர் எதைப் பார்த்தாலும் ஒரே வசனம்தான் சொல்வார். இது என்னை ஒன்றும் அசத்தவில்லை என்று பொருள். முதல் தடவை அப்படியே சொன்னேன். அம்மா திரும்பிப் பார்த்தாள். இரண்டாவது தடவை, "இதென்ன பிரமாதம்" என்று சொன்னேன். அதற்கப்புறம் அந்த அட்டை வரும்போதெல்லாம் எனக்கு முன்னாலேயே அவள் சொல்லிவிட்டாள்.

மாப்பிள்ளை தேடும் பொறுப்பு செலிக்சோன் என்கிற தரகரிடம் போகிறது. அவரிடம் இருக்கிற இளவரசன் பெயர் நுக்கி. பட்டம் உண்டு, பணம் இல்லை. மாடியில் ஒரு அழுக்கு அறையில் நண்பன் யோசெஃபோடு குடியிருக்கிறான். தரகர் படியேறி வரும்போது இளவரசர் சாக்ஸ் துவைத்துக்கொண்டிருக்கிறார். "அந்த ஒரு ஜோடிதான் இருக்கும்போல" என்றாள் அம்மா. அவசர அவசரமாகத் துணியையெல்லாம் மறைத்து, ஒரு நாற்காலியை உயரத்தில் தூக்கி வைத்துச் சிம்மாசனம் ஆக்கி, யோசெஃப் அரண்மனைச் சேவகன் போல வாசலில் நின்று, தரகரைக் கொஞ்சம் காக்கவைக்கிறார்கள். கவனியுங்கள், சோற்றுக்கு இல்லாதவனும் முதலில் செய்வது அடுத்தவனைக் காக்கவைப்பதைத்தான். பணம் இல்லாவிட்டாலும் வாசலில் ஒருத்தன் காத்திருந்தால் ராஜாதானே.

பெண்ணைப் பார்த்துவர யோசெஃபை அனுப்புகிறான் நுக்கி. அவன் கொண்டுபோகிற சீட்டில் இளவரசன் பெயர் இருப்பதால், அவன்தான் மாப்பிள்ளை என்று வீடு நம்பிவிடுகிறது. மேலே ஓஸ்ஸியை ஒரு பட்டாளமே குளிப்பாட்டி, பிடித்துவிட்டு, உடுத்திக்கொண்டிருக்கிறது. கீழே அவன் நட்சத்திரத்தின் மேல் நடந்துகொண்டிருக்கிறான். கடைசியில் அவள் வருகிறாள். ஆளைப் பார்க்கிறாள். முகம் சுளிக்கிறாள். ஆனால் பட்டம் பட்டம்தானே. கையைப் பிடித்துத் தரதரவென்று இழுத்துக்கொண்டு பாதிரியார் வீட்டுக்கு வண்டியில் போகிறாள். வண்டியை விட்டு இறங்கி உள்ளே போகக்கூட நேரமில்லை. ஜன்னல் வழியாகவே கல்யாணம் முடிந்துவிடுகிறது. பெயர் என்ன என்று கேட்டால் மாப்பிள்ளை நுக்கி என்கிறான். இந்த ஒரு பொய்தான் கடைசியில் கதையைக் காப்பாற்றப் போகிறது.

படம் வந்தது 1919 ஜூனில். அதை மனதில் வைத்துக்கொண்டு பார்த்தால் சிரிப்பு கொஞ்சம் தொண்டையில் நிற்கும். முதல் உலகப் போரில் தோற்று, ஜெர்மன் சக்கரவர்த்தி கைசர் வில்ஹெல்ம் பதவி இழந்து நெதர்லாந்துக்கு ஓடி ஏழு மாதம்தான் ஆகியிருந்தது. சண்டை நின்ற பிறகும் நேச நாடுகளின் கடல் முற்றுகை விலகவில்லை. ஜூலை வரைக்கும் நீடித்தது. பெர்லினில் ஜனங்கள் பட்டினியில் நொந்துபோயிருந்த நேரத்தில், திரையில் ஒரு கல்யாண விருந்து: விருந்தாளிகளுக்குப் பின்னால் வரிசை வரிசையாகப் பரிமாறுகிறவர்கள், ஒவ்வொரு பதார்த்தத்துக்கும் ஒரு வரிசை, தட்டு கைமாறிக் கைமாறி வருகிறது. ஏதோ ராணுவ அணிவகுப்பு போல நடக்கிறது சாப்பாடு. யோசெஃப் மட்டும் யாரையும் பார்க்காமல் தின்றுகொண்டே இருக்கிறான். கொட்டகையில் அன்றைக்கு உட்கார்ந்திருந்தவர்களுக்கு அந்தக் கல்யாணத்தில் மனசாரப் புரிந்த ஒரே ஆள் அவனாகத்தான் இருந்திருப்பான்.

இன்னொன்று. அதே வருஷம் ஆகஸ்டில் வந்த வைமார் அரசியல் சட்டம், அதாவது ஜெர்மனியின் புதுக் குடியரசுச் சட்டம், பிரபு குலத்தின் சலுகைகளை ரத்து செய்தது. பட்டங்கள் வெறும் பெயரின் பகுதியாக மட்டும் இருக்கலாம், புதிதாக யாருக்கும் கொடுக்கக் கூடாது என்றது. பக்கத்து ஆஸ்திரியா ஏப்ரலிலேயே பட்டங்களை அடியோடு ஒழித்துவிட்டது. அதாவது, லூபிட்ச் தன் தரகரின் கையில் கொடுத்த சரக்கு, கடை மூடும் நேரத்துச் சரக்கு. படம் வந்த இரண்டே மாதத்தில் இளவரசன் என்பது கையெழுத்தில் மட்டும் மிச்சமிருந்தது.

ஆனால் வாங்குகிற பக்கம் கற்பனை கிடையாது. அமெரிக்கப் பணம் ஐரோப்பியப் பட்டத்தைக் கல்யாணம் செய்துகொள்வது அதற்கு முன்னாலேயே ஐம்பது வருஷ வழக்கம். 'டாலர் இளவரசி' என்ற பெயரில் 1907-ல் வியன்னாவில் ஒரு இசை நாடகமே வந்து ஓடியது. 1895-ல் ரயில்வே குடும்பத்துப் பெண் கான்சுவேலோ வாண்டர்பில்ட்டை மார்ல்பரோ கோமகனுக்குக் கட்டிக்கொடுத்தபோது, ரயில்வே பங்குகளாகப் போன சீர் 25 லட்சம் டாலர். பெண்ணுக்கு இஷ்டமில்லை, அம்மாவின் பிடிவாதம். 1926-ல் அந்தக் கல்யாணமே செல்லாது என்று ஆனது. ரயில்வே முதலாளி ஜே கூல்டின் மகள் அன்னா, அதே 1895-ல் போனி தெ காஸ்தெல்லான் என்கிற பிரெஞ்சுப் பிரபுவைக் கட்டினாள். அவன் அவள் சொத்தைத் தண்ணீராகச் செலவழித்தான். 1906-ல் விவாகரத்து. இதோடு விட்டாளா? இரண்டு வருஷத்தில் அவனுடைய உறவுக்காரப் பிரபு ஒருவரையே மறுபடி கட்டிக்கொண்டாள். ஒரே கடையில் சரக்கை மாற்றிக்கொண்ட மாதிரி.

நம் வீடுகளில் அம்மாக்கள் காலால் மிதித்த சிங்கர் தையல் மிஷின் இருக்கிறதே, அந்த சிங்கரின் மகள் வின்னரெட்டாவும் இந்த வரிசையில் உண்டு. 1887-ல் ஒரு இளவரசன். அது ரத்தாகி 1893-ல் இன்னொரு இளவரசன், எட்மோன் தெ பொலின்யாக். ஆனால் இவளைச் சிரித்து ஒதுக்க முடியாது. இரண்டாவது கல்யாணம் சங்கீதத்தால் சேர்ந்த கல்யாணம். மிஷின் பணம் பாரிஸில் அவள் வீட்டுக் கூடத்தில் கச்சேரியாக மாறியது. ஸ்ட்ராவின்ஸ்கி முதலான இசையமைப்பாளர்களிடம் பணம் கொடுத்துப் புதுப் பாட்டு எழுத வைத்தாள். பட்டம் வாங்கியவர்கள் எல்லாரும் பூட் பாலிஷ் ராஜாவின் மகளோடு போட்டி போட்டவர்கள் இல்லை என்பதற்காகச் சொன்னேன்.

லூபிட்சுக்கு இந்த விஷயத்தில் இவ்வளவு கூர்மை எங்கிருந்து வந்தது? அவர் பெர்லின் தையல்காரர் ஒருவரின் மகன். அப்பாவுக்குப் பெண்கள் உடுப்புத் தைக்கிற தொழில். 1911-ல் நாடக இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் குழுவில் சேர்ந்து, பிறகு சினிமாவில் கடைப் பையன் வேஷங்கள் போட்டார். 1916-ல் அவரே நடித்து இயக்கிய 'பிங்கஸ் செருப்பு மாளிகை' படத்தில் ஒரு இடம். பள்ளிக்கூடத்தில் உருப்படாத சாலி பிங்கஸ் செருப்புக் கடையில் வேலை பார்க்கிறான். ஒரு பெரிய நடனக்காரி வருகிறாள். தன் பாதம் சின்னது என்பது அவள் நம்பிக்கை. சின்ன அளவுதான் வேண்டும் என்கிறாள். கால் நுழையாது. சாலி உள்ளே போய்ப் பெரிய ஜோடியை எடுத்து, அடியில் போட்டிருக்கிற எண்ணை அழித்துச் சின்ன எண்ணை எழுதிக் கொண்டுவருகிறான். கால் கச்சிதமாக நுழைகிறது. அவள் முகம் மலர்கிறது. அந்த எண் ஒன்றைப் பிடித்துக்கொண்டு அவன் மேலே ஏறி, அவள் கொடுத்த பணத்தில் சொந்தக் கடையே வைத்துவிடுகிறான். கல்லாவுக்கு இந்தப் பக்கம் நின்றவர்களுக்குத்தான் இந்த மாதிரிக் காட்சி தோன்றும். ஸ்டுடியோவில் நாங்களும் இதைத்தான் செய்தோம். பெண் வீட்டார் கேட்காமலேயே முகத்தை ஒரு சுற்று வெளுப்பாக்கிப் பிரிண்ட் போடுவோம். "நல்லா எடுத்திருக்கீங்க" என்பார்கள்.

'சிப்பி இளவரசி'யில் எல்லாருக்கும் ஞாபகம் இருக்கிற இடம், விருந்துக்கு நடுவில் வருகிற ஃபாக்ஸ்ட்ராட் நடனம். கல்யாணத்தில் திடீரென்று ஃபாக்ஸ்ட்ராட் தொற்றுநோய் பரவுகிறது என்று அட்டை போடுகிறார்கள். அந்த வார்த்தையை அப்போது லேசாகப் பயன்படுத்தியிருக்க முடியாது. 1918-ன் விஷக் காய்ச்சல் அப்போதுதான் ஊரைச் சுற்றி வாரிக்கொண்டு போயிருந்தது. நடனத்துக்கும் ஒரு கதை உண்டு. போர்க்காலம் முழுக்கப் பொது இடத்தில் ஆடத் தடை இருந்தது. 1918 டிசம்பர் 31-ல் தடையை எடுத்தார்கள். பெர்லின் பைத்தியம் பிடித்த மாதிரி ஆடியது. அந்தப் பைத்தியம்தான் இந்தக் காட்சி.

வாத்தியக்குழுத் தலைவனாக வருகிறவர் குர்ட் போய்ஸ். பிற்பாடு 'காஸப்ளாங்கா'வில் ஜேப்படித் திருடனாக வந்தவர். கிழவராகி 1987-ல் விம் வெண்டர்ஸ் படத்திலும் நடித்தார். இங்கே பதினெட்டு வயதுப் பையன். முதுகைக் காட்டி நின்று இடுப்பைச் சுழற்றியே தாளம் போடுகிறான். வாத்தியங்களோ, கேட்கவேண்டாம். ஒருத்தன் மரத்தை ரம்பத்தால் அறுக்கிறான். ஒருத்தனுக்குக் கன்னத்தில் அறை விழுகிறது. அந்த அறையும் தாளத்தில் சேர்த்தி. இந்தப் படத்துக்குச் சத்தமே கிடையாது, இருந்தாலும் அந்த அறை காதில் விழும். விருந்தாளிகள் ஆடுகிறார்கள், பரிமாறுகிறவர்கள் மாடிப்படியில் ஆடுகிறார்கள், சமையல்கட்டில் சட்டிபானைக்கு நடுவில் சமையல்காரர்கள் ஆடுகிறார்கள். மேலே இருப்பவர்களையும் கீழே இருப்பவர்களையும் ஒரே தாளத்துக்கு ஆட்டிவைப்பதோடு சரி. லூபிட்ச் அதற்கு மேல் எதையும் சொல்ல வரவில்லை. சமத்துவம் அது இது என்று அதில் தேடுகிற கட்டுரைகளைப் படித்திருக்கிறேன். எனக்கென்னவோ கல்யாண வீட்டுச் சமையல்கட்டை உள்ளே போய்ப் பார்த்தவர் எடுத்த காட்சியாகத்தான் படுகிறது.

இதற்குப் பிறகு படம் கொஞ்சம் தொய்கிறது என்பது என் அபிப்பிராயம். உண்மையான நுக்கி நண்பர்களோடு குடித்துவிட்டு ராத்திரி பூங்காவில் தள்ளாடுகிற காட்சி தேவைக்கு மேல் நீளம். காலையில் போதை தெளியாமல் அவன் போய்ச் சேருகிற இடம், கோடீஸ்வரர் மகள்களின் குடி ஒழிப்புச் சங்கம். அழகான குடிகாரனைத் திருத்த எல்லாப் பெண்களுக்கும் ஆசை. யார் திருத்துவது என்பதைக் குத்துச்சண்டையில் முடிவு செய்கிறார்கள். ஓஸ்ஸி ஜெயித்து அவனைத் தன் வீட்டுக்குத் தனிச் சிகிச்சைக்குக் கூட்டிப் போகிறாள். "சமூகசேவை" என்றாள் அம்மா. அங்கே யோசெஃப் வந்து, நீங்கள் இரண்டு பேரும் ஏற்கெனவே கல்யாணம் ஆனவர்கள்தான், நான் உன் பெயரில்தானே கட்டினேன் என்று சிரிக்கிறான். முடிச்சு அவிழ்ந்தது.

ஓஸ்ஸியாக நடித்த ஓஸ்ஸி ஓஸ்வால்டாவை ஜெர்மனியின் மேரி பிக்ஃபோர்ட் என்றார்கள். பேசும்படம் வந்த பிறகு வாய்ப்பு போய், 1947-ல் பிராக் நகரத்தில் ஏழையாகச் செத்துப்போனாள். லூபிட்சை நிஜ மேரி பிக்ஃபோர்டே, அந்த அமெரிக்க நட்சத்திரமே, ஹாலிவுட்டுக்கு அழைத்துக்கொண்டார். 1922-ல் அங்கே போனார்.

போன இடத்தில் அவருடைய கதை நிஜமாகவே நடந்துகொண்டிருந்தது என்பதுதான் வேடிக்கை. 1925-ல் நடிகை குளோரியா ஸ்வான்சன் ஒரு பிரெஞ்சுப் பிரபுவைக் கட்டிக்கொண்டு வந்தார். ரஷ்யாவுக்குத் தெற்கே இருக்கிற ஜார்ஜியா நாட்டிலிருந்து ம்திவானி சகோதரர்கள் என்று சிலர் வந்து இறங்கித் தங்களை இளவரசர்கள் என்று சொல்லிக்கொண்டார்கள். 1926-ல் டேவிட் ம்திவானியை நடிகை மே மர்ரே கட்டினார். 1927-ல் செர்ஜ் ம்திவானியைக் கட்டியது யார் தெரியுமா? போலா நெக்ரி. லூபிட்சே பெர்லினில் வளர்த்துவிட்ட நட்சத்திரம்! பிள்ளைகளிடமிருந்து பட்டத்தை வாரிசாகப் பெற்ற ஒரே மனுஷன் நான்தான் என்று அந்தச் சகோதரர்களின் அப்பா சொன்னதாக ஒரு பேச்சு உண்டு. இரண்டு கல்யாணமும் நிலைக்கவில்லை.

இதையெல்லாம் பக்கத்திலிருந்து பார்த்து 1928-ல் கிங் விடோர் எடுத்ததுதான் 'ஷோ பீப்பிள்'. அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்திலிருந்து ஹாலிவுட்டுக்கு வருகிற பெக்கி பெப்பராக மரியன் டேவிஸ். வந்தவுடன் கிடைப்பது சோடாத் தண்ணீரை முகத்தில் பீய்ச்சுகிற மலிவு நகைச்சுவைப் படம். அதில் பெயர் வாங்கி, 'உயர்ந்த கலை' எடுக்கிற கம்பெனிக்குப் போனதும் பெயர் பட்ரீசியா பெப்புவார் என்று மாறுகிறது. உதட்டை முயல் மாதிரிக் குவித்துப் பல்லைக் காட்டுகிற ஒரு புது முகபாவமும் வந்துவிடுகிறது. அது மே மர்ரேயின் சாயல். படத்தின் மிக நல்ல இடம் அவள் பெரிய ஆள் ஆவதற்கு முன்னாலேயே வருகிறது. மீசை, தொப்பி எதுவும் இல்லாத ஒரு சின்ன மனுஷர் வந்து கையெழுத்துக் கேட்கிறார். சலிப்போடு போட்டுக் கொடுக்கிறாள். அவர் போன பிறகுதான் தெரிகிறது, அது சார்லி சாப்ளின். மயக்கம் போட்டுவிடுகிறாள். இன்னொரு இடத்தில் காரிலிருந்து ஒரு நட்சத்திர நடிகை இறங்கிப் போகிறாள். அது யார் என்றால் மரியன் டேவிஸ் என்கிறார்கள். பெக்கி முகத்தைச் சுளிக்கிறாள். இதென்ன பிரமாதம்! தன்னையே பார்த்துத் தானே உதட்டைப் பிதுக்குகிற நடிகையை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

மரியன் டேவிஸின் பின்னால் இருந்தவர் பத்திரிகை அதிபர் ஹெர்ஸ்ட். அவள் முகத்தில் கேக்கை எறிகிற மாதிரி விடோர் யோசித்தபோது ஹெர்ஸ்ட் ஒப்புக்கொள்ளவில்லை. கடைசியில் தண்ணீரோடு நிறுத்திக்கொண்டார்கள். வீண் பெருமையைக் கிண்டல் செய்கிற படத்திலேயே முகத்தில் கிரீம் படலாமா கூடாதா என்று பேரம் நடந்திருக்கிறது.

மறுபடி குவேக்கர். படம் முழுக்க அவர் முகத்தில் அசைவில்லை. மகளுக்கு இளவரசன் கிடைத்தான், பிரமாதமில்லை. விருந்து, நடனம், பிரமாதமில்லை. அவரைப் பார்க்கப் பார்க்க எனக்கு ஒன்று புரிந்தது. மேலே ஏறத் துடிக்கிறவர்களை எளிதாகச் சிரித்துவிடலாம். பூட் பாலிஷ் ராஜாவின் மகளைப் பார்த்துப் பொறாமைப்படுகிற ஓஸ்ஸியிடம் கள்ளம் இல்லை. ஏறி முடித்துவிட்டு, எதைப் பார்த்தும் அசராமல் இருப்பதையே வேலையாக வைத்துக்கொண்டிருக்கிற ஆள்தான் கடினம். சுருட்டைக்கூடத் தானே பிடிக்காதவர், ஆச்சரியப்படுவதற்கு மட்டும் ஆள் வைக்க முடியாமல் அதை நிறுத்தியே விட்டார்.

கடைசிக் காட்சியில் பட்டாளம் இல்லை. பெண்ணும் மாப்பிள்ளையும் அவரும் மட்டும் மேசையில். சாப்பாட்டுக்கு நடுவில் இரண்டு பேரும் நழுவிப் படுக்கையறைக்குப் போய்விடுகிறார்கள். சிப்பி ராஜா எழுந்து, ஓசைப்படாமல் போய், குனிந்து, சாவித் துவாரத்தில் கண்ணை வைக்கிறார். திரும்பி நம்மைப் பார்க்கிறார். அட்டை வருகிறது. அம்மா என்னைச் சொல்ல விடவில்லை. "இது பிரமாதம்!" என்று அவளே சொல்லிவிட்டுச் சிரித்தாள்.

அந்த வீட்டு ஐயா வெட்டச் சொன்ன இடம் இதுதான். சாப்பாட்டுப் பந்தியைப் படம் பிடிக்கும்போது காமிராக்காரர் ஜன்னல் பக்கம் தற்செயலாகத் திருப்பியிருக்கிறார். ஜன்னலுக்கு அந்தப் பக்கம், சமையல்கட்டு இருட்டில், ஐயா நிற்கிறார். பட்டு வேட்டி, மேலே துண்டு. உள்ளே பந்தியில் அவர் பெண் மாப்பிள்ளையின் இலையிலிருந்து அப்பளத்தைத் திருடி உடைத்து வாயில் போட்டுக்கொண்டு கைகொட்டிச் சிரிக்கிறாள். ஐயா ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, வாயைத் திறந்தபடி, அதைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். பின்னால் சாம்பார் வாளியோடு வந்த ஆள் வழி கேட்டு இரண்டு தடவை கூப்பிட்டும் அவர் நகரவில்லை. மொத்தம் பதினோரு விநாடி. மிக்ஸிங் செய்யும்போது எனக்குப் பிடித்துப்போய், ஜானகி பாட்டு ஒன்றைப் பின்னால் ஓடவிட்டு அதைச் சேர்த்திருந்தேன்.

"இது எதுக்கு? இதை எடுத்துடுங்க" என்றார். எடுத்துவிட்டேன். புது டிவிடி கொண்டுபோய்க் கொடுத்த அன்றைக்கும் முக்கால் மணி நேரம் நின்றேன். அந்தச் சின்னப் பெண் படியிலிருந்து இறங்கி வந்து, போன தடவை நான் விட்ட கோடு எது என்று காட்டினாள்.